ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளலாம்

அன்று அவர் இன்னும் அனுப்பியிராத தண்ணீர், அவருக்கு முன்பே வந்து சேர்ந்திருந்தது.

டேப்லெட்டின் திரையில், அவருடைய தோட்டத்து வேலிக்கு வெளியே, சிவப்பு நாடா கட்டிய சின்னக் குடம் ஒன்று துள்ளிக்கொண்டிருந்தது. தொட்டால் மனைவியின் புகைப்படம் வரும். அதன் கீழே ‘உங்களுக்கு ஒரு குடம் தண்ணீர் அனுப்பியிருக்கிறார்’ என்று எழுதியிருக்கும். தினமும் வருவதுதான். பதினோரு மாதமாக ஒரு நாள்கூடத் தவறியதில்லை. ஆனால் அதை அனுப்புகிறவர் இவரேதான். மனைவி இறந்து பதினோரு மாதம் ஆகிறது.

காலையிலேயே அனுப்பிவிட்டு மறந்திருப்பேன் என்று அவர் தனக்குள் சொல்லிக்கொண்டார். வயசாகிறது, இல்லையா. கடைக்கு வருகிற கிழங்கள் எல்லாம் இப்படித்தான் ஆரம்பிக்கின்றன என்று நினைத்துச் சிரித்தும் கொண்டார். ஆனால் காலையில் டேப்பில் சார்ஜ் இல்லை, அதனால் அதைச் செருகிவிட்டுத்தான் கிளம்பினோம் என்பதும் அவருக்கு ஞாபகம் இருந்தது.

தெருவில் அவருக்குக் காதுக்காரர் என்று பெயர். காது கேட்கும் கருவிகள் விற்கிற ஒரு கடையின் பின்பக்க அறையில் உட்கார்ந்து, பழுதானவற்றைச் சரி பார்ப்பது அவர் வேலை. நாள் முழுக்க யார் யாருடைய காதிலோ இருந்து வந்த மெழுகைத் தூரிகையால் சுரண்டுவார். சன்னமான குழாயைத் தன் காதில் மாட்டிக்கொண்டு கருவிக்குள் இரைச்சல் இருக்கிறதா என்று கேட்பார். இருபத்தெட்டு வருடமாக மற்றவர்களுக்குக் கேட்காததைக் கேட்டுச் சம்பாதித்தவர். பேய் பிசாசுக்கெல்லாம் பயப்படுகிற ஆள் இல்லை. மகள் தொலைபேசியில் கேட்கிற கேள்விகளுக்குத்தான் பயப்படுவார்.

விளையாட்டு என்று பெரிதாக ஒன்றும் இல்லை. ஊரெல்லாம் பழக்கம் வைத்திருக்கிற அந்தச் சமூக வலைத்தளத்துக்குள்ளேயே, ஒரு மூலையில் கிடக்கிற தோட்டம். விதை போட வேண்டும், பறிக்க வேண்டும், படிப்படியாக ஏற வேண்டும். அதில் ஒரே ஒரு விதிதான் விசித்திரம். உங்கள் செடிக்கு நீங்களே தண்ணீர் ஊற்ற முடியாது. பக்கத்துத் தோட்டக்காரர் வந்து ஊற்றினால்தான் உண்டு. ஒரு நாள் யாரும் வராவிட்டால் இலை தொங்கும். நான்கு நாள் வராவிட்டால் பட்டுப்போகும். ஆரம்பத்தில் அவருக்குப் பதினான்கு பக்கத்துத் தோட்டக்காரர்கள் இருந்தார்கள். பள்ளி நண்பர்கள், மச்சான், கடை முதலாளி, முதலாளியின் சம்பந்தி. எல்லோரும் வருடக்கணக்கில் முன்பே விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். திரையின் அடியில் அவர்கள் முகங்கள் சாம்பல் நிறத்தில் வரிசையாக இருந்தன. கடைசியில் மிஞ்சியது அவரும் மனைவியும்தான். ஒரே சோபாவில் அடுத்தடுத்து உட்கார்ந்துகொண்டு, ஒரே டேப்பை மாற்றி மாற்றி வாங்கி, ஒருவர் தோட்டத்துக்கு ஒருவர் போய்வருவார்கள்.

“வீட்ல ஒரு நாளும் தொப்பி போட்டதில்ல. தோட்டத்துக்குப் போறப்ப மட்டும் தொரைக்குத் தொப்பி,” என்று அவருடைய பொம்மை உருவத்தைப் பார்த்து அவள் கேலி செய்வாள். அவளுடைய உருவம் நீலத் துண்டு கட்டிய குட்டிப் பெண். அவள் அறுபத்து மூன்றாம் படி, அவர் அறுபத்து ஒன்று. எப்போதும் இரண்டு படி அவள்தான் முன்னால்.

அவள் போன நான்காம் நாள், வீடு நிறைய ஆட்கள் இருக்கும்போதே, அவர் குளியலறைக் கதவைத் தாழிட்டுக்கொண்டு அவளுடைய கணக்கில் நுழைந்து, தன் தோட்டத்துக்குத் தண்ணீர் ஊற்றினார். நல்ல காரியமா கெட்ட காரியமா என்று யோசிக்கவில்லை. இலைகள் தொங்குவதைப் பார்க்க முடியவில்லை, அவ்வளவுதான். அன்றிலிருந்து தினமும் மாலை ஆறரைக்கு அதுதான் வழக்கம். முதலில் அவளாக நுழைந்து தனக்கு ஊற்றுவார். தனக்கு ஒரு குடம் அனுப்புவார். ‘சாப்டீங்களா’ என்று ஒரு வரி தட்டுவார். பிறகு வெளியேறி, தானாக நுழைந்து, அவளுக்கு ஊற்றிவிட்டு, ‘ஆச்சு, நீ?’ என்று பதில் போடுவார். அறுபது வயது மனிதர் செய்கிற வேலையா இது என்று யாரும் கேட்கலாம். அந்தக் கால் மணி நேரத்துக்காகத்தான் அவர் மிச்ச நேரத்தை ஓட்டிக்கொண்டிருந்தார்.

சோபாவுக்குப் பக்கத்தில் முக்காலியும், அதன் மேல் பூப்போட்ட சாஸர் ஒன்றும் இருந்தன. அதில் அவளுடைய காது கேட்கும் கருவி. விளையாட உட்கார்ந்ததும் அதைக் கழற்றி அங்கே வைத்துவிடுவாள். “உங்க தொணதொணப்புல இருந்து தப்பிக்கத்தான்” என்பாள். கருவியைச் சும்மா வைத்தால் பாட்டரியைக் கழற்றி வையுங்கள் என்று வாடிக்கையாளர்களிடம் ஓயாமல் சொல்கிறவர், தன் வீட்டுக் கருவியில் மட்டும் ஞாயிறு தவறாமல் புதுப் பாட்டரி போட்டு வைத்திருந்தார். உயிரோடு இருக்கிற கருவியைக் கையால் பொத்தினால், உள்ளே போகிற சத்தமும் வெளியே வருகிற சத்தமும் மோதி, கீ என்று ஊசி போலக் கத்தும். அது அவளுக்குக் கேட்காது. அந்த உயரமான சத்தம்தான் அவள் காதை விட்டு முதலில் போனது. காதில் சரியாக மாட்டாமல் அது கத்திக்கொண்டே இருக்க, அவள் பாட்டுக்கு வேலை செய்துகொண்டிருப்பாள். அவர்தான் சொல்ல வேண்டும். “கத்துதும்மா, பாரு.”

மறுநாளும் அதற்கு மறுநாளும் அவர் வேண்டுமென்றே அவள் கணக்கில் நுழையவில்லை. சோதித்துப் பார்த்துவிடலாம் என்று நினைத்தார். கடையில் இருந்து நேராக வந்தார். வீட்டைத் திறந்து, விளக்கைப் போட்டு, செருப்பைக்கூடக் கழற்றாமல் டேப்பை எடுத்தார்.

குடம் வந்திருந்தது. செடிகள் எல்லாம் நனைந்து, இலை நிமிர்ந்து நின்றன. இரண்டாம் நாள், குடத்தோடு ஒரு வரியும் இருந்தது.

‘இன்னிக்கு லேட்டு.’

பேருந்து கிடைக்காமல் அவர் அன்று அரை மணி நேரம் தாமதமாகத்தான் வந்திருந்தார்.

அவர் மெதுவாக உட்கார்ந்தார். திரையில் தோட்டத்தை மேலும் கீழும் நகர்த்திப் பார்த்தார். அப்போதுதான் கவனித்தார், கிணற்றடியில் நீலத் துண்டு கட்டிய உருவம் நின்றுகொண்டிருந்தது. வருகிற உருவங்கள் தண்ணீர் ஊற்றி முடித்ததும் வேலியைத் தாண்டிப் போய்விடும், நிற்காது. இத்தனை வருடத்தில் ஒன்றும் நின்றதில்லை. இது நின்றது. தோட்டத்தைப் பார்க்காமல், திரைக்கு வெளியே, இவரைப் பார்த்தபடி நின்றது.

மகளிடம் பாதியை மறைத்துச் சொன்னார்.

“யாராச்சும் உள்ள பூந்திருப்பாங்கப்பா,” என்றாள் மகள். “அம்மா கணக்க மூடிடலாம்னு அப்பவே சொன்னேன். நீங்கதான் கேக்கல.”

“மூட வேணாம்மா. இருந்துட்டுப் போகட்டும்.”

“அப்ப பாஸ்வேர்டயாச்சும் மாத்துங்க. எந்தெந்த ஃபோன்ல தொறந்திருக்குன்னு அதுலயே காட்டும், பாருங்க.” பிறகு, “அப்பா, நீங்க இங்க வந்துடுங்களேன்,” என்றாள்.

“வரேன், வரேன்,” என்றார். பதினோரு மாதமாக இதே ‘வரேன்’தான்.

பாஸ்வேர்டை மாற்றினார். பட்டியலையும் பார்த்தார். மனைவியின் கணக்கு ஒரே ஒரு கருவியில்தான் திறந்திருந்தது. அது இந்த டேப். ஆனால் நேரங்கள் வரிசையாக இருந்தன. நேற்று மாலை ஆறரை. அதற்கு முந்தைய நாள் பகல் மூன்று. வீடு பூட்டியிருந்த நேரங்கள். சாவி அவர் சட்டைப் பையில் இருந்த நேரங்கள்.

அவர் டேப்பை மடியில் கவிழ்த்து வைத்தார். வீட்டில் சத்தம் இல்லை. குளிர்சாதனப் பெட்டி ஒருமுறை உறுமிவிட்டு நின்றது, மேல்வீட்டில் யாரோ நாற்காலியை இழுத்தார்கள், குழாய் சொட்டி முடித்தது, அதற்கப்புறம் அவருடைய மூச்சு மட்டும்தான். வெடித்த விரல்களுக்கு அவள் பூசுகிற யூகலிப்டஸ் களிம்பின் வாசனை எங்கிருந்தோ லேசாக வந்தது. அந்த டப்பாவை அவர் எப்போதோ தூக்கிப் போட்டாயிற்று.

அந்த நேரத்தில் சாஸர் கத்தியது.

ஊசி மாதிரி, நீளமாக, கீ என்று. கருவி அங்கேயே கிடந்தது. அதன் மேல் எதுவும் இல்லை, பக்கத்திலும் எதுவும் இல்லை. இருந்தும் யாரோ உள்ளங்கையால் பொத்தியது போல அது கத்தியது. நின்றது. மறுபடியும் கத்தியது. நின்றது. கையை எடுத்து எடுத்து வைத்தால்தான் அப்படிக் கேட்கும் என்று அவருடைய தொழில் அவருக்குச் சொன்னது.

காதுக்காரர் இருபத்தெட்டு வருடப் பழக்கத்தில் என்ன செய்வாரோ அதையே செய்தார். நகத்தால் கருவியின் குட்டிக் கதவைத் திறந்து, பாட்டரியைத் தட்டி வெளியே போட்டார். சத்தம் நின்றது. அவருக்கு நிம்மதியாகத்தான் இருந்தது, உள்ளதைச் சொல்ல வேண்டுமே. அன்று அவர் விளக்கை அணைக்காமல் படுத்தார்.

வியாழக்கிழமை தளத்தில் ஓர் அறிவிப்பு வந்தது. பழைய விளையாட்டுகளை இங்கிருந்து எடுக்கப்போகிறார்களாம். சேமித்து வைத்த முன்னேற்றத்தை வெள்ளி மாலை ஏழு மணிக்குள் புது இடத்துக்கு மாற்றிக்கொள்ளாவிட்டால் அவ்வளவுதான், திரும்பக் கிடைக்காது. எங்கே போய் மாற்ற வேண்டும் என்று மட்டும் அந்தப் புண்ணியவான்கள் சொல்லவில்லை.

தோட்டம் வழக்கமான இடத்தில் இல்லை. நாலைந்து மாதத்துக்கு ஒருமுறை தளத்தின் முகத்தை மாற்றி, விளையாட்டுகளைப் புதுப் புது மூலையில் ஒளித்து வைப்பது அவர்களுக்கு வழக்கம். ஒவ்வொரு முறையும் தேடிப் பிடிக்கிறவள் மனைவிதான். பிடித்ததும் வழியை ஒரு தாளில் எழுதி, அலமாரிக் கதவின் உள்பக்கத்தில் ஒட்டி வைப்பாள். இவருக்கு ஞாபகம் நிற்காது என்று அவளுக்குத் தெரியும். இடம் மாறினால் பழையதை அடித்துவிட்டுக் கீழே புதியதை எழுதுவாள். ‘மூணு கோட்டத் தொடணும்.’ அடித்திருக்கும். ‘மேலும் காண்க.’ அடித்திருக்கும். ‘கீழ போங்க, இன்னும் கீழ, அவசரப்படாதீங்க.’ அது கடைசி வரி.

அந்தக் கடைசி வழியும் இப்போது செல்லவில்லை. வியாழன் மாலை முழுக்க அவர் தேடினார். எங்கே தொட்டாலும் கத்திக் கூச்சல் போடுகிற புது விளையாட்டுகள்தான் வந்தன. காணாமல் போன மனுஷியை ஆஸ்பத்திரி ஆஸ்பத்திரியாகத் தேடுவது போல அலைந்தார். ஒரு கட்டத்தில் கண்ணில் நீர் முட்டிக்கொண்டு வந்தது. அவருடைய தோட்டம் போனால் போகட்டும். அவள் நட்டு வைத்த மாமரங்கள், பாத்தி பாத்தியாக அவள் இழுத்த கோடுகள், வாசலில் இவர் பெயரை எழுதி வைத்த பலகை, எல்லாம் நாளை ஏழு மணிக்கு இருக்காது. அவள் இரண்டாவது தடவை போவாள், இவர் இரண்டாவது தடவை சும்மா உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பார்.

வெள்ளிக்கிழமை கடைக்கு விடுப்புச் சொன்னார். மாலை வரை தேடினார். ஆறு மணிக்கு, சட்டை மாற்றலாம் என்று அலமாரியைத் திறந்தார்.

தாளில் கடைசி வரி அடிக்கப்பட்டிருந்தது. அதற்குக் கீழே புதிதாக இரண்டு வரி.

அவளுடைய எழுத்து. ‘ங்க’வை ஒட்டிப் போட்டு, வாலை நீளமாக இழுக்கிற எழுத்து. பென்சில் கரி இன்னும் தாளில் உட்காரவில்லை, அவர் விரல் பட்டதும் தேய்ந்தது.

‘உங்க படத்தத் தொடுங்க. அமைப்புகள்ல, கடைசில, சேமித்தவை.’

வெளியே ஓடிவிடலாம் என்று கால்கள் சொன்னன. அவர் வாசல் வரை போகவும் செய்தார். தாழ்ப்பாளில் கை வைத்தபடி தெருவைப் பார்த்தார். எதிர்க் கடையில் ஷட்டரை இறக்கிக்கொண்டிருந்தார்கள். ஒரு பெண் சைக்கிளைத் தள்ளிக்கொண்டு போனாள். யாரிடம் போய் என்னவென்று சொல்வது. பிறகு திரும்பி வந்தார். பயம் இல்லாமல் இல்லை. பயத்தோடேயே திரும்பி வந்தார், ஏனென்றால் அந்த எழுத்தில் யாரோ அவரிடம் பேசியிருந்தார்கள், பதினோரு மாதத்தில் முதல் தடவையாக.

தன் படத்தைத் தொட்டார். அமைப்புகள். கடைசியில், சேமித்தவை. தோட்டம் அங்கே இருந்தது. ‘மாற்று’ என்ற பொத்தானை அழுத்தினார். வட்டம் ஒன்று சுழன்றது. ஆறு நாற்பது.

பிறகு ஒரு பெட்டி திறந்தது.

‘இந்தக் கருவியில் இரண்டு முன்னேற்றங்கள் உள்ளன. ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளலாம். மற்றது நிரந்தரமாக நீக்கப்படும்.’

இரண்டு பேரும் ஒரே டேப்பில் விளையாடியதன் வினை. இடது பக்கம் தொப்பிக்காரர், படி அறுபத்து ஒன்று. வலது பக்கம் நீலத் துண்டு, படி அறுபத்து மூன்று. இரண்டு உருவங்களும் இவரைப் பார்த்து நின்றன. அவருக்கு யோசிக்க ஒன்றும் இல்லை. அவருடையது போனால் என்ன போகிறது. விரலை வலது பக்கம் கொண்டுபோனார்.

முக்காலியில் கருவி கத்தியது.

அதன் குட்டிக் கதவு திறந்தே கிடந்தது. பாட்டரி சாஸரின் ஓரத்தில் தனியாகக் கிடந்தது. கருவி கத்தியது. விட்டு விட்டு இல்லை, இந்த முறை ஒரே மூச்சாக, கை எடுக்காமல், இறுக்கிப் பொத்தியது போல. களிம்பு வாசனை மூக்கில் ஏறியது. பக்கத்தில். சோபாவில். அவள் உட்காருகிற இடத்தில் மெத்தை அமுங்கியிருந்தது.

அவர் திரும்பிப் பார்க்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டார். வலது பக்கத்தை அழுத்தினார்.

சத்தம் நின்றது.

வட்டம் சுழன்றது. வெகுநேரம் சுழன்றது. அவர் கண்ணைத் திறந்தபோது மடியில் டேப் இல்லை. மடியும் இல்லை. சோபாவுக்கும் சுவருக்கும் நடுவில் அவர் நின்றுகொண்டிருந்தார், எப்போது எழுந்தோம் என்று தெரியாமல்.

சமையலறையில் குழாய் திறந்தது. மூடியது. டம்ளரைக் கையில் பிடித்தபடி அவள் வந்தாள். அதே வீட்டுச் செருப்பு, இழுத்து இழுத்து நடக்கிற அதே நடை. கொஞ்சம் இளைத்திருந்தாள். அவருக்கு அழுகை பொங்கியது. “வந்துட்டியா,” என்றார். “எங்கம்மா போயிருந்த?”

அவள் அவரைத் தாண்டிப் போய் உட்கார்ந்தாள். தொலைபேசி அடித்தது. கருவி மாட்டிய காதில் வைத்துக்கொண்டாள்.

“சாப்ட்டாச்சும்மா... தனியா இருக்கறது பழகிப்போச்சு. பதினோரு மாசம் ஆச்சே... வேணாம். உங்கப்பா கணக்க மூட வேணாம். இருந்துட்டுப் போகட்டும்.” கொஞ்ச நேரம் கேட்டுக்கொண்டிருந்தாள். “வரேன், வரேன்,” என்றாள்.

“நான் இங்க இருக்கேன்,” என்றார் அவர். மறுபடியும் சொன்னார். கத்தினார். அறையில் குளிர்சாதனப் பெட்டி ஒருமுறை உறுமிவிட்டு நின்றது, அவ்வளவுதான்.

அவள் தொலைபேசியை வைத்தாள். வழக்கம் போலக் கருவியைக் கழற்றிச் சாஸரில் வைத்தாள். டேப்பை எடுத்து, அவருடைய பெயரைத் தட்டி, அவருடைய கணக்கில் நுழைந்தாள். தொப்பி போட்ட உருவம் வேலியைத் தாண்டி அவள் தோட்டத்துக்குள் வந்தது. அவளுடைய செடிகளுக்கெல்லாம் ஊற்றியது. ‘சாப்டியா’ என்று ஒரு விரலால் மெதுவாகத் தட்டினாள். அவள் முகத்தில் இருந்தது என்னவென்று அவருக்கு நன்றாகத் தெரியும். பதினோரு மாதமாக அந்தக் கால் மணி நேரத்தில் அவர் முகத்தில் இருந்ததுதான்.

பிறகு வெளியேறி, அவளாக நுழைந்தாள். தண்ணீர் ஊற்றி முடித்த தொப்பிக்காரர் இன்னும் கிணற்றடியில் நின்றுகொண்டிருந்தார். அவள் அதைக் கவனிக்கவில்லை.

அவர் முக்காலியிடம் குனிந்தார். தொண்டையால் ஆகாததைத் தொழிலால் செய்யலாம் என்று தோன்றியது. உள்ளங்கையைக் குவித்து, சாஸரில் கிடந்த கருவியின் மேல் பொத்தினார்.

அது கத்தியது. கீ என்று, வீடு முழுக்க. கையை எடுத்தார், நின்றது. வைத்தார், கத்தியது. எடுத்தார். வைத்தார். ஒரு முழத் தூரத்தில் அவள் மாமரத்தில் காய் பறித்துக்கொண்டிருந்தாள், தலையைத் தூக்காமல். அவர் கையை எடுக்கவே இல்லை. அழுத்தி, இறுக்கிப் பொத்தினார்.

அவளுக்கு அந்தச் சத்தம் என்றைக்குமே கேட்டதில்லை.